குளிரில் வைத்திருந்தவன்

பெண் விவகாரமும் இல்லை, ஒரு மண்ணும் இல்லை. கிஸ்லேன் ஆன்ட்வெர்ப்பில் ஒருத்தியைச் சேர்த்துக்கொண்டான், கடைசியில் அவளிடமே போய்விட்டான் என்று யோலாந்த் தன் கஃபேயில் பீர் ஊற்றிக்கொண்டே சொல்வாள். கம்பெனி கொடுத்ததை அமுக்கிக்கொண்டு ஸ்பெயினில் வீடு வாங்கிவிட்டான் என்று ரொட்டிக்கடை வரிசையில் சொல்வார்கள். சொல்லட்டும். வேலை போன ஊரில் வாய்க்கும் ஒரு வேலை வேண்டுமல்லவா. ஆனால் மூன்றாவதாக ஒன்று சொல்கிறார்களே, அதை மட்டும் விட முடியாது. உருக்காலையைக் கொன்றவனே கிஸ்லேன்தானாம். குழாயைத் திறந்துவிட்டவன் அவனாம். திறந்துவிட்டு, ஊர் முன்னால் நின்று பொய் சொன்னானாம்.

குழாயைத் திறந்தது அவன்தான். அதை யாரும் மறுக்கவில்லை. ஆனால் பொய் சொல்லவில்லை. உண்மையைச் சொன்னான். வாயைத் திறந்து, ஒரு தடவைக்கு இரண்டு தடவை சொன்னான். கேட்டவன் சிரித்துவிட்டான். நடந்தது அவ்வளவுதான். அவ்வளவுதான் என்றால் நம் ஊர் வால்ரூவில் ஒருவரும் நம்பப்போவதில்லை, அதனால் முதலிலிருந்து வருவோம்.

கிஸ்லேன் ஊபார் ஒரு வேலிக்காரன். நம் ஊரில் இந்தச் சொல்லுக்கு விளக்கம் வேண்டாம், வெளியூர்க்காரர்களுக்காக இரண்டு வார்த்தை. மியூஸ் ஆற்றங்கரை நெடுக உருக்காலை. அதன் கிழக்கு வேலிக்கு அந்தப் பக்கம் வேறொரு கம்பெனியின் ஆக்சிஜன் நிலையம். உலைக்கு வேண்டிய ஆக்சிஜன் லாரியில் வராது, உருளையில் வராது. வேலியைத் தாண்டிப் போகும் தடித்த குழாய் வழியாக, இரவும் பகலும், வீட்டுக்குத் தண்ணீர் வருகிற மாதிரி வரும். உருக்காலைக்காரர்கள் ஆயிரக்கணக்கில் இருந்தார்கள். வேலிக்காரர்களோ ஒரே சாப்பாட்டு மேசையைச் சுற்றி உட்காரக்கூடிய அளவுதான். உருக்காலைக்காரர்கள் வேலைநிறுத்தம் செய்தால் இவர்கள் செய்யமாட்டார்கள். அவர்களுக்குச் சங்கக் கொடி, இவர்களுக்கு வெள்ளைத் தொப்பி. கூடவே வாழ்ந்தாலும் ஒரு படி தள்ளியே வைக்கப்பட்ட கூட்டம்.

அங்கே காற்றை அழுத்தி, குளிரவைத்து, அது தண்ணீர் மாதிரி ஆகும்வரை குளிரவைத்து, அதிலிருந்து ஆக்சிஜனைப் பிரிப்பார்கள். அந்தத் திரவம் இளநீல நிறம். தேவாலயக் கோபுரத்தைவிட உயரமான ஒரு வெள்ளைப் பெட்டிக்குள் அந்தக் குளிரை அடைத்து வைத்திருப்பார்கள். நம் ஊர் ஜனவரி மாதம் அதற்கு முன்னால் அடுப்படிக்குச் சமம்.

கிஸ்லேன் இருபது வயதில் அங்கே சேர்ந்தான். அப்பா நிலக்கரிச் சுரங்கத்தில் தூசி தின்று செத்தவர். நெருப்போடும் கரியோடும் சம்பந்தமில்லாத வேலையாக இருக்கட்டும் என்று அவன் அம்மா லேயாதான் வெள்ளைத் தொப்பிக்காரர்களிடம் கொண்டுபோய் விட்டாள். ஆள் மெலிந்தவன், பேச்சு குறைவு, சிகரெட் கிடையாது. அங்கே வேலை செய்கிறவன் சட்டைக்குள் ஆக்சிஜன் புகுந்து தங்கிவிடும். ஒரு பொறி பட்டால் ஆளோடு எரியும். ஆகவே வேலை முடிந்து வந்ததும் கொல்லையில் கையை அகட்டிக்கொண்டு காற்றில் நிற்பான், பிறகுதான் அடுப்பு எரிகிற வீட்டுக்குள் நுழைவான். மழையானாலும் நிற்பான். எதிர்வீட்டுக்காரர்கள் ஜன்னலில் இருந்து கேலி செய்வார்கள்.

"என்ன கிஸ்லேன், இன்னிக்கும் மிரெல்லா உள்ள விடலயா?"

"விடுவா, விடுவா. நேத்துகூட விட்டா" என்பான். அவனுக்குத் தெரிந்த பெரிய நகைச்சுவை அதுதான்.

மிரெல்லா அவன் மனைவி, இத்தாலியிலிருந்து சுரங்க வேலைக்கு வந்தவரின் மகள். அவளுடைய தம்பி டூலியோ. அவர்கள் அப்பா சீக்கிரம் போய்விட்டார். டூலியோவை உருக்காலையில் சேர்க்கக் கையெழுத்துப் போட்டதும், அவன் கல்யாணத்தில் பெரியவனாக முன்னால் நின்றதும், பிற்பாடு அவன் மனைவி புற்றுநோயில் போனபோது சவப்பெட்டியின் முன்பக்கம் தோள் கொடுத்ததும் கிஸ்லேன்தான். டூலியோ உலைத்தளத்தில் வேலை பார்த்தான். தடித்த கழுத்து, பெரிய சிரிப்பு. மனைவி போனபின் வியாழன் இரவும் ஞாயிறு மதியமும் அக்கா வீட்டில்தான் சாப்பாடு.

இங்கே ஒரு வழக்கத்தைச் சொல்லியாக வேண்டும், இல்லாவிட்டால் பின்னால் நடந்தது புரியாது.

உருக்காலை எப்போதாவது நிற்கும். பழுது பார்க்க, அல்லது சங்கமும் முதலாளியும் முறைத்துக்கொள்ளும்போது. மறுபடி எப்போது மூட்டுவார்கள் என்பது உலைக்காரர்களுக்கே தெரியாது. வேலிக்காரர்களுக்குத் தெரியும். ஏனென்றால் ஆக்சிஜன் நிலையம் முந்தித் தயாராக வேண்டும். அந்தச் சேதியை வெளியே விட்டால் வேலை போய்விடும் என்று கம்பெனி கண்டிப்பாகச் சொல்லியிருந்தது. ஆனால் ஒன்றை மறைக்க முடியாது. நிலையத்தை மறுபடி ஓட்டும்போது முதலில் ஊறும் திரவம் சுத்தமாக இருக்காது, அதைக் குழியில் கொட்டிவிடுவார்கள். கொட்டினால் வெள்ளை மூட்டம் எழும்பும். வேலிக்கு அடியில் தவழ்ந்து வந்து, கோக் தெருவின் தோட்டங்களில் கோஸுக்கும் வெங்காயத்தாளுக்கும் நடுவே பால் மாதிரிப் படுத்துக்கொள்ளும். மூட்டம் வந்தால் வேலை வருகிறது என்று தெருக் குழந்தைக்கும் தெரியும். ஜனங்கள் வேலியோரம் கூடுவார்கள்.

"கிஸ்லேன், மூட்டுறாங்களா?"

"ஒன்னும் இல்லப்பா. சும்மா கழுவி விடுறோம்."

முப்பது வருடமாக அவன் சொன்ன ஒரே பதில் அது. எல்லாரும் கண்ணடித்துக்கொண்டு போய்ப் புட்டி வாங்குவார்கள். ஒரு தடவை டூலியோவின் மகள் முதல் நற்கருணை விருந்தில், அம்மாமேல் சத்தியமாக ஒன்றும் இல்லை என்றான். அடுத்த வாரமே உலை மூட்டினார்கள். அதன்பின் ஒவ்வொரு வருடமும் டூலியோ, "லேயா அம்மா நல்லா இருக்காங்களா? பாத்துக்க மச்சான், நீ சத்தியம் பண்ணி வெச்சிருக்க" என்று கிண்டல் செய்வான். அந்த அம்மா தொண்ணூறு தாண்டி வாழ்ந்தாள்.

ஆக, கிஸ்லேன் இல்லை என்று சொன்னால் வால்ரூவில் அதற்கு ஆமாம் என்று அர்த்தம். அப்படித்தான் ஊர் அவனைப் படித்து வைத்திருந்தது.

கடைசியாக உலை நின்றது ஒரு இலையுதிர்காலத்தில். தற்காலிகம் என்றார்கள். எஃகுக்கு விலை ஏறட்டும், மூட்டிவிடலாம் என்று வேறு நாட்டில் உட்கார்ந்திருந்த முதலாளிகள் சொல்லியனுப்பினார்கள். வேலிக்கு அப்பால் இருந்த நிலையத்தையும் நிறுத்தினார்கள். ஆனால் நிறுத்துவதிலும் இரண்டு விதம் உண்டு. ஒன்று, உள்ளே இருக்கும் திரவத்தைக் கொட்டி, சூடான காற்றை ஊதி, காயவைத்து மூடுவது. இன்னொன்று, இயந்திரத்தை நிறுத்திவிட்டு, பெட்டிக்குள் இருக்கும் குளிரை மட்டும் விடாமல் காப்பது. குளிரில் நிறுத்தி வைத்தல் என்று அதற்குப் பெயர். குளிர் இருக்கிறவரை, சொன்ன மறுநாளே ஓட்டிவிடலாம். குளிர் போய்விட்டால் அந்த இரும்பை மறுபடி உயிர்ப்பிக்க வாரக்கணக்கில் ஆகும், பெருஞ்செலவு ஆகும். யாரும் செய்யமாட்டார்கள்.

வால்ரூவில் நிறுத்தியது குளிரில்தான். மற்ற வேலிக்காரர்களை அனுப்பிவிட்டு, குளிரைக் காக்கக் கிஸ்லேனையும் இன்னொருவனையும் மட்டும் வைத்தார்கள். பிறகு அந்த இன்னொருவனையும் அனுப்பினார்கள். திரவ நைட்ரஜன் ஏற்றிய லாரி அவ்வப்போது வரும். படுத்த படுக்கையாகக் கிடப்பவருக்குக் கஞ்சி புகட்டுவது மாதிரி அதைக் கொஞ்சம் கொஞ்சமாகப் பெட்டிக்குள் விடுவான்.

ஊர் அந்தச் சொல்லைப் பிடித்துக்கொண்டது. முதலில் நம்பிக்கையாக, பிறகு வேடிக்கையாக. கஃபேயில் நுழைந்தால் அதுதான் பேச்சு.

"உன் மாமியார் எப்டி இருக்கா?"

"குளிர்ல வெச்சிருக்கோம்."

"உம் பையன் கல்யாணம் என்னாச்சு?"

"அதுவும் குளிர்லதான் இருக்கு. பொண்ணு வீட்ல லாரி அனுப்புறாங்களான்னு பாக்கணும்."

சிரிப்பார்கள். சிரித்துவிட்டு ஒரு நிமிடம் எல்லாரும் கண்ணாடி டம்ளரைப் பார்ப்பார்கள். ஏனென்றால் ஊரே அப்படித்தான் இருந்தது. வேறு ஊரில் வேலை தேடுகிறவனைத் துரோகி மாதிரிப் பார்த்தார்கள். வீட்டை விற்கிறவனிடம் பேசவில்லை. கிஸ்லேன் தெருவில் நடந்தால் வேலைக்குப் போகிற ஒரே ஆள் என்று மரியாதையாக வழிவிட்டார்கள். யோலாந்தே அவனுக்குக் காபி இனாமாகக் கொடுத்தாள். இன்றைக்கு மறந்துவிட்டாள்.

டூலியோவுக்குக் கெண்டில் உள்ள உருக்காலையிலிருந்து அழைப்பு வந்தது இரண்டாவது இலையுதிர்காலத்தின் கடைசியில். பிளமிஷ்காரர்கள் ஊர், பாஷை தெரியாது, ஆனால் நிரந்தர வேலை. வெள்ளிக்கிழமை மதியத்துக்குள் வருகிறேன், வரவில்லை என்று போனில் சொல்ல வேண்டும். ஐம்பதைத் தாண்டிய உலைக்காரனுக்கு இன்னொரு அழைப்பு வராது. அது அவனுக்கும் தெரியும்.

"போவியா?" என்று மிரெல்லா கேட்டாள்.

"அங்க போனா காலைல எழுந்து யாரோட சண்ட போடுறது? எனக்குத் திட்டக்கூட பாஷ தெரியாதே" என்றான். ஆனால் போக மனம் வைத்துவிட்டான். பெட்டி வாங்கியிருந்தான். மனைவியின் கல்லறையை வாரம் ஒருமுறை கழுவிவிடச் சொல்லி அக்காவிடம் கேட்டிருந்தான்.

அந்த நேரத்தில்தான் கிஸ்லேனுக்கு உத்தரவு வந்தது. கொட்டிவிடு, காயவை, மூடு. உருக்காலை முடிந்தது. அறிவிப்பு திங்கட்கிழமை வெளியாகும், அதுவரை ஒரு மூச்சு விடக் கூடாது.

அவன் உடனே செய்யவில்லை. அதையும் யாரும் சொல்வதில்லை. ஒரு வால்வு சிக்கிக்கொண்டது என்று சாக்குச் சொல்லித் தள்ளிப்போட்டான். நைட்ரஜன் லாரி வருவது நின்றுவிட்டது. மிச்சமிருந்ததை வைத்து, கதவிடுக்குகளில் பஞ்சு அடைத்து, குளிரை இழுத்துப்பிடித்தான். எதற்காக என்றால், மேலே யாராவது மனம் மாறுவார்கள் என்றுதான். யாரும் மாறவில்லை. புதன்கிழமை மேலாளர் பிரஸ்ஸல்ஸிலிருந்து நேரில் வந்து பக்கத்தில் நின்றார்.

கிஸ்லேன் குழாயைத் திறந்தான். பெட்டியின் அடியில் கிடந்த இளநீலத் திரவம் குழிக்குள் விழுந்தது. மூட்டம் எழும்பியது. பொழுது சாய்கிற வேளை, காற்று இல்லை. மூட்டம் வேலிக்கு அடியில் தவழ்ந்து கோக் தெருத் தோட்டங்களுக்கு வந்தது.

மற்றதை யோசித்துக்கொள்ளுங்கள். ஒரு வருடத்துக்கு மேல் அந்த மூட்டத்துக்காக ஜன்னலைப் பார்த்துக் காத்திருந்த ஊர். கதவுகள் திறந்தன. வீட்டுச் செருப்போடு ஓடினார்கள், ஏப்ரனோடு ஓடினார்கள். யோலாந்த் புட்டியும் குட்டி டம்ளர்களுமாக வந்தாள். கிழவர்கள் வேலிக்கம்பியைப் பிடித்துக்கொண்டு அழுதார்கள். யாரோ பழைய உலைத் தொப்பியைத் தூக்கி எறிந்தான். கூட்டத்தில் பாதிப்பேர் வாயில் சிகரெட்.

உள்ளேயிருந்து பார்த்த கிஸ்லேன் கண்ணில் முதலில் பட்டது சிகரெட்தான். அந்த மூட்டத்தில் ஒரு பொறி போதும். வேலிக்கு ஓடிவந்து கத்தினான்.

"சிகரெட்ட அணைங்க. எல்லாரும் அணைங்க. பின்னால போங்க."

அணைத்தார்கள். சந்தோஷமாக அணைத்தார்கள். ஒவ்வொரு தடவை உலை மூட்டும்போதும் அவன் இதையேதான் கத்துவான். யோலாந்த் கேட்டாள்.

"என்ன கிஸ்லேன், கழுவுறீங்களா?"

பின்னால் மேலாளர் நின்றிருந்தார். கிஸ்லேன் வாயைத் திறந்தான், மூடினான். கூட்டம் கைதட்டியது. டூலியோ கம்பிக்கு ஊடாகக் கையை விட்டு அவன் காலரைப் பிடித்து இழுத்து, கம்பியோடு சேர்த்துக் கன்னத்தில் முத்தம் கொடுத்தான்.

பொய் சொன்னான் என்கிறார்களே, இதைத்தான் சொல்கிறார்கள். ஒரு வார்த்தை அவன் வாயிலிருந்து வரவில்லை. சிகரெட்டை அணை என்பது பொய்யா?

மறுநாள் வியாழன். டூலியோ சாப்பிட வருகிற நாள். மிரெல்லா மாமிச உருண்டையைக் குழம்பில் வேகவிட்டுக்கொண்டிருந்தாள். அவளுக்கும் கிஸ்லேன் முந்தின இரவு சொல்லவில்லை. அன்று மாலை கொல்லையில் நின்றபோதுதான் முடிவு செய்தான். வேலை போனாலும் சரி, இழப்பீடு போனாலும் சரி, டூலியோவிடம் சொல்லிவிடுவது. நாளை மதியத்துக்குள் அவன் கெண்டுக்குப் போன் செய்தாக வேண்டும்.

டூலியோ ஒரு பெரிய கேக் டப்பாவோடு வந்தான். உட்காருவதற்கு முன்பே கிஸ்லேன் ஆரம்பித்தான்.

"டூலியோ, ஒன்னு சொல்றேன். சிரிக்காம கேளு. மூட்டல. அது காலி பண்ற மூட்டம். உள்ள இருந்தது எல்லாம் கொட்டியாச்சு. நாளைக்குச் சூடு ஏத்துறேன். உலை முடிஞ்சுது."

டூலியோ ஒரு கணம் அவனைப் பார்த்தான். பிறகு வயிறு குலுங்கச் சிரித்தான்.

"கழுவுறோம்னு சொல்றத விட இது நல்லாருக்கு மச்சான். முப்பது வருஷத்துல மொதல் தடவையா யோசிச்சுப் பேசியிருக்க."

"வெளையாட்டு இல்லடா. நீ கெண்டுக்குப் போ. நாளைக்குப் போன் பண்ணி வரேன்னு சொல்லு."

"சரி, சரி. சத்தியம் பண்ணு பாப்போம்."

"எங்கம்மா மேல சத்தியமா."

டூலியோ சிரித்த சிரிப்பில் கண்ணில் தண்ணீர் வந்துவிட்டது. மேசையைத் தட்டினான். "ஐயோ, பாவம் அந்த லேயா அம்மா. செத்தும் விடமாட்டேங்கறான். அக்கா, கேட்டியா, உம் புருஷன் மறுபடி சத்தியம் பண்ணிட்டான். இதுக்கு மேல எனக்கு என்ன சாட்சி வேணும்?"

மிரெல்லா கரண்டியோடு அடுப்படி வாசலில் நின்றாள். புருஷன் முகத்தைப் பார்த்தாள். அவளுக்குத் தெரிந்துவிட்டது. கட்டிக்கொண்டவளுக்குத் தெரியாதா. அவளும் வாயைத் திறந்தாள், ஆனால் டூலியோ வந்து அவளை இடுப்பில் பிடித்துச் சமையலறையில் ஒரு சுற்றுச் சுற்றினான். மனைவியைப் புதைத்த பிறகு அவன் அப்படிச் சிரித்ததை அவள் பார்த்ததில்லை.

இன்னும் உரக்கச் சொல்லியிருக்கலாமே, சட்டையைப் பிடித்து உலுக்கியிருக்கலாமே என்று கேட்டால், ஆமாம், செய்திருக்கலாம். மிரெல்லா அதை இன்றுவரை கேட்டுக்கொள்கிறாள். மேசையில் உருளைக்கிழங்கு வறுவல் ஆறிக்கொண்டிருந்தது. டூலியோ தட்டை இரண்டு தடவை நிரப்பிக்கொண்டான். கிஸ்லேன் காலையில் மறுபடி சொல்லலாம் என்று விட்டான். சொல்லியும் நம்பாதவன் தூங்கி எழுந்தால் நம்புவான் என்று எப்படி நினைத்தானோ. மனிதன் நல்ல நேரத்தைக் கெடுக்கப் பயப்படுகிறான், அவ்வளவுதான்.

வெள்ளிக்கிழமை காலையில் அவன் வேலைக்குப் போகும் வழியில் டூலியோவின் கதவைத் தட்டினான். ஆள் இல்லை. யோலாந்தின் கஃபேயில் இருந்தான். கடை திறந்ததும் திறக்காததுமாக, எல்லார் முன்னிலையிலும், கெண்டுக்குப் போன் செய்துவிட்டான். தனக்குத் தெரிந்த நாலு பிளமிஷ் வார்த்தையில், உங்க வேலையை நீங்களே வெச்சுக்கங்க, எங்க உலை எரியப்போகுது என்று சொல்ல, கஃபே முழுக்கக் கரகோஷம். கிஸ்லேன் வாசலில் வந்து நின்றபோது அவனுக்கும் ஒரு டம்ளரை நீட்டினார்கள். வாங்கவில்லை. நிலையத்துக்குப் போனான். சூடான காற்றைத் திறந்துவிட்டான். வெள்ளைப் பெட்டிக்கடியில் குழாய்களில் வருஷக்கணக்காக ஒட்டியிருந்த உறைபனி தட்டுத்தட்டாகக் கழன்று சிமென்ட் தரையில் விழுந்தது. சாயங்காலம்வரை அந்தச் சத்தத்தில் நின்றான்.

திங்கட்கிழமை அறிவிப்பு வந்தது. டூலியோ கெண்டுக்குப் போன் செய்தான். அந்த இடம் போய்விட்டிருந்தது.

ஊருக்கு யார்மேலாவது பாய வேண்டும். முதலாளிகள் வேறு நாட்டில். மேலாளர் பிரஸ்ஸல்ஸில். கிஸ்லேன் கோக் தெருவில், பதினெட்டாம் எண் வீட்டில். கதவில் யாரோ முட்டை எறிந்தார்கள். யோலாந்த் அவன் எதிரிலேயே, "இங்க வேலிக்காரனுக்கு இடமில்ல" என்றாள். அவன் கொல்லையில் நிற்கிற நேரத்தில் எதிர்வீட்டு ஜன்னல்கள் சாத்திக்கொண்டன. டூலியோ பேசவில்லை. வியாழனும் வரவில்லை, ஞாயிறும் வரவில்லை. மிரெல்லா பாத்திரத்தில் எடுத்துக்கொண்டு போனால், யார் வீட்டு அடுப்பிலிருந்து வந்தது என்று கேட்டு, வாசலிலேயே வைத்துவிட்டுக் கதவைச் சாத்துவான்.

மிரெல்லாவுக்குத் தாங்கவில்லை.

"நான் கஃபேக்குப் போய் சொல்லிடுறேன். நீ சொன்ன, நான் கேட்டேன், அவன்தான் சிரிச்சான்னு சொல்லிடுறேன்."

"சொல்லாத."

"ஏன்யா? ஊரே உன்னைக் காறித் துப்புது."

"சொன்னா அவன என்னன்னு சொல்வாங்க? சொல்லியும் கேக்காத மடையன்னு. இப்ப திட்டுறதுக்கு நான் இருக்கேன். நானும் இல்லேன்னா தன்னையேதான் திட்டிக்குவான். அது அவனைத் தின்னுடும்."

"அவன்தான் ஏற்கனவே சாப்பிடாம கிடக்கானே. உன்னைத் திட்டினா வயிறு ரொம்புதா?"

அப்படிக் கேட்டாலும், ஊரிடம் மிரெல்லா வாயை அடக்கிக்கொண்டாள். அதுதான் அவள் செய்த தவறு என்று இப்போது சொல்கிறாள். இரண்டு பேரையும் காப்பாற்றப் போய் ஒருவரையும் காப்பாற்றவில்லை.

குளிர்காலம் போயிற்று. வெளியூரிலிருந்து ஆட்கள் வந்து வெள்ளைப் பெட்டியைத் துண்டு துண்டாக வெட்டி லாரியில் ஏற்றினார்கள். கிஸ்லேன் கடைசிச் சாவியைக் கொடுத்துவிட்டு வந்தான். அதன்பிறகும் சிலநாள் பழக்கதோஷத்தில் கொல்லையில் போய் நின்றான். சட்டைக்குள் ஒன்றும் இல்லை, ஆனாலும் நின்றான்.

டூலியோ மாடிப்படியில் விழுந்ததைக் கண்டுபிடித்தவர் தபால்காரர். அரைநாள் கிடந்திருக்கிறான். இடுப்பு எலும்பு முறிந்திருந்தது. அந்த இடுப்பைவிட மோசமாக இருந்தது மற்றதெல்லாம். உலைக்காரனின் கழுத்து கோழிக் கழுத்தாகியிருந்தது. மருத்துவமனையில் சேர்த்து, எலும்பைப் பொருத்தி, மாதக்கணக்கில் ஆள் பார்த்துக்கொள்ள வேண்டும் என்றார்கள். மகள் கனடாவில். வேறு யார் இருக்கிறார்கள், அக்காவைத் தவிர.

மிரெல்லா கட்டிலோரம் உட்கார்ந்து கேட்டாள். "வீட்டுக்கு வா. நான் பாத்துக்கறேன்."

டூலியோ சுவரைப் பார்த்துச் சொன்னான். "அந்த ஆள் இருக்கிற வீட்டுக்கு வரமாட்டேன்."

"அவர் உன்கிட்ட சொன்னாரு. நீ சிரிச்ச."

அவள் அன்றுதான் அதை முதன்முதலில் வாய்விட்டுச் சொன்னாள். டூலியோ திரும்பவில்லை. "எனக்குத் தெரியும்" என்றான். "தெரிஞ்சதாலதான் சொல்றேன். அவர் முகத்தப் பாத்தா எனக்கு அந்தச் சிரிப்புதான் காதுல கேக்குது. நான் வேணும்னா முதியோர் விடுதிக்குப் போறேன். விட்டுடு."

மிரெல்லா வீட்டுக்கு வந்தாள். மாடி அறையில் புது விரிப்பைப் போட்டாள். பிறகு அதை உருவி மடித்துவைத்தாள். கிஸ்லேன் எல்லாவற்றையும் பார்த்தான்.

"என்ன சொன்னான்?"

சொன்னாள். ஒன்றுவிடாமல் சொன்னாள். அவன் தலையாட்டினான், ஏதோ குழாயின் அழுத்த அளவை யாரோ படித்துச் சொல்லக் கேட்கிறவன் மாதிரி. "அவன இங்க கூட்டிட்டு வா. அவன் வர்றப்ப நான் இருக்கமாட்டேன்" என்றான்.

மருத்துவமனை வண்டி டூலியோவைக் கொண்டுவருவதாக இருந்த காலை கிஸ்லேன் சீக்கிரம் எழுந்தான். இரண்டு பேருமாகச் சேர்ந்து முன்னறையைக் காலி செய்தார்கள். மாடி ஏற முடியாதவனுக்குக் கீழே கட்டில் வேண்டும். கட்டிலை ஜன்னல் பக்கம் வைக்கலாமா, சுவர்ப் பக்கம் வைக்கலாமா என்று பேசினார்கள். ஜன்னல் பக்கம் வைத்தால் வேலி தெரியும். சுவர்ப் பக்கம் வைத்தார்கள். கழிப்பறை வாசலில் அவன் ஒரு கைப்பிடிக் கம்பியை அடித்துப் பொருத்தினான், தொங்கிப் பார்த்தான், தாங்கியது.

பிறகு கோட்டைப் போட்டுக்கொண்டான். கல்யாணங்களுக்குப் போடுகிற கோட்டு. மற்றக் கோட்டு ஈரமாக இருந்தது, அவ்வளவுதான் காரணம். அதைத்தான் யோலாந்த் ஜன்னலிலிருந்து பார்த்துவிட்டு, மாப்பிள்ளை மாதிரிப் போனான் என்று சொல்லித் திரிகிறாள். கையில் சின்னப் பெட்டி. எங்கே போகிறேன் என்று சொல்லவில்லை. அவனுக்கே தெரிந்திருக்காது.

"அவனுக்குக் குழம்புல உப்பு கம்மியா போடு. டாக்டர் சொல்லியிருப்பாரு" என்றான்.

"சொன்னாரு" என்றாள் மிரெல்லா.

அவன் கொஞ்சநேரம் கதவுப் பிடியில் கைவைத்து நின்றான். அவள் ஏதாவது சொல்லுவாள் என்று நின்றானோ என்னவோ. போகாதே என்று அவள் சொல்லவில்லை. தெருமுனையில் மருத்துவமனை வண்டி திரும்பும் சத்தம் கேட்டது. அவள் கண் அந்தப் பக்கம் போனது. அவன் கதவைத் திறந்து, வண்டி வருகிற பக்கம் போகாமல், எதிர்ப்பக்கமாக இறங்கி நடந்தான்.